கடல் பார்க்க வந்த சம்பந்தம்

அத்தியாயம் 14

வேன் வந்து நின்றபோது மணி ஐந்தேகால். இராஜபாளையம் பழைய பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே, அப்போதுதான் ஷட்டரைத் தூக்கியிருந்த டீக்கடையின் வெளிச்சத்தில், முனீஸ்வரியின் கண்ணில் முதலில் பட்டது ஒரு பாதம்.

முன் சீட்டில் சீனிச்சாமி உட்கார்ந்திருந்தார். செருப்பைக் கழற்றிவிட்டு, வலது காலைத் தூக்கி டிரைவர் சீட்டின் முதுகில் வைத்திருந்தார். வெடித்த குதிகால். வெடிப்புக்குள் கறுப்பாக அழுக்கு.

இந்தக் காலில் விழுந்துதானே மகள் கனி ஆசீர்வாதம் வாங்க வேண்டும் என்று நினைத்ததும் முனீஸ்வரி பார்வையை விலக்கினாள். 'காலையிலேயே ஏன் இப்படி நினைக்கிறோம்' என்று தன்னைத்தானே அதட்டிக்கொண்டு வேனில் ஏறினாள்.

சீனிச்சாமி ரிட்டயர்டு ஏட்டு. ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரர். மூன்று வாரத்துக்கு முன் மனைவி செல்லத்தாயோடும் மகன் பாண்டிதுரையோடும் பெண் பார்க்க வந்தவர். கேசரியை இரண்டு தடவை கேட்டு வாங்கித் தின்றுவிட்டு, சரி என்றும் சொல்லாமல் வேண்டாம் என்றும் சொல்லாமல் எழுந்து போனார். போன வாரம் அவரே ஃபோன் பண்ணினார்.

"கடலோரமா ஒருநாள் டூர் ஒண்ணு போடுதானுக. பன்னெண்டு பேருதான், கைடும் உண்டு. ரெண்டு குடும்பமும் போய் வருவோம். பிள்ளைகளுக்கும் மனசு ஒட்டும்."

அதைக் கேட்டு முனீஸ்வரிக்கு உள்ளுக்குள் சந்தோஷம்தான். ஏட்டையா வீட்டில் இப்படி நாகரிகமாகக்கூட யோசிக்கிறார்களா என்று ஆச்சரியப்பட்டாள். அவள் கணவன் வேல்பாண்டி பட்டாளத்தில் இருபத்திரண்டு வருஷம் இருந்து ஹவில்தாராக ஓய்வு பெற்றவர். "நான்தான் சொன்னேன்ல, இது முடிஞ்சிரும்" என்று மீசையைத் தடவிக்கொண்டார்.

முடிய வேண்டும் என்றுதான் அவளுக்கும் ஆசை. மாரிக்கனிக்கு இருபத்தேழு நடக்கிறது. செண்பகத்தோப்பில் வனக்காவலர் வேலை. இரண்டு வருஷத்துக்கு முன், பங்குனியில் மலைச்சரிவில் தீப்பிடித்தபோது அணைக்கப் போன கூட்டத்தில் அவளும் இருந்தாள். கால் வழுக்கிக் கிடந்த ஆண்டிச்சாமி என்ற காவலரை இழுத்து வெளியே போட்டாள். அந்த நேரத்தில் நெருப்பு அவளைத் தொட்டது. இடது தோளில் ஆரம்பித்துப் பாதி முதுகு வரைக்கும் தழும்பு. ஆண்டிச்சாமி இன்றைக்கும் பேரப்பிள்ளைகளோடு நடமாடுகிறார். கனிக்கு ஏழு வரன் தட்டிப்போய்விட்டது.

எதையும் மறைக்கவில்லை. பெண் பார்க்க வந்த அன்றே செல்லத்தாயை அடுப்படிக்குக் கூட்டிப்போய் முனீஸ்வரி சொல்லிவிட்டாள்: "இடது தோளு, பொறவு பாதி முதுகு. எல்லாம் ஆறிப்போச்சு மதினி."

"அதுக்கென்ன மதினி, நல்ல காரியத்துல பட்ட காயம்தான" என்று செல்லத்தாய் சொன்ன சொல்லை நம்பித்தான் இன்றைக்கு இந்த வேனில் ஏறியிருக்கிறாள்.

சங்கரன்கோவில் தாண்டிச் சூரியன் எழும்பியதுமே செல்லத்தாய் சம்படத்தைத் திறந்தாள். கோழி வறுவல். வேனுக்குள் மசாலாவும் பழைய எண்ணெயும் கலந்து ஒரு வாடை பரவியது. சீனிச்சாமி ஒவ்வொரு துண்டாக எடுத்து, உறிஞ்சி, கடித்து, எலும்பை ஜன்னல் வழியே எறிந்தார். ஒன்று காற்றில் திரும்பி வந்து பின்சீட்டுக் கண்ணாடியில் அப்பி, வழுக்கிக்கொண்டு கீழே இறங்கியது. அந்தச் சீட்டில் தனியாக வந்திருந்த வெங்கடேஸ்வரி டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். ரிட்டயர்டு ஆனவர், இராஜபாளையத்தில் தெலுங்கு பேசுகிற குடும்பம், இரண்டு தெரு தள்ளித்தான் வீடு.

சீனிச்சாமி விரலை ஜன்னல் திரையில் துடைத்தார். நிதானமாக, ஒவ்வொரு விரலாக.

முனீஸ்வரி பத்தொன்பது வருஷமாக பேண்டேஜ் கம்பெனியில் செக்கிங் மேஜையில் நிற்பவள். ஆஸ்பத்திரிக்குப் போகிற கட்டுத்துணியில் கடுகளவு கறை இருந்தாலும் கண்ணில் பட்டுவிடும், எடுத்துத் தனியே போட்டுவிடுவாள். அந்த மஞ்சள் விரல்தடங்களை விட்டு அவள் கண் நகர மறுத்தது.

"கனி, புழுங்கலையா தாயி?" செல்லத்தாய் முன்சீட்டிலிருந்து முழுசாகத் திரும்பினாள். "அந்தத் துப்பட்டாவ எடுத்துட்டுத்தான் உக்காரேன். நம்ம ஆளுகதான இருக்கோம்."

"பரவால்ல அத்தை, காத்து வருது."

"கையும் மணிக்கட்டு வரைக்கும் வச்சுத் தச்சிருக்கா பாருங்க" என்று செல்லத்தாய் புருஷனிடம் சொல்ல, சீனிச்சாமியும் திரும்பிப் பார்த்தார். பாண்டிதுரையும் ஃபோனிலிருந்து தலையைத் தூக்கிப் பார்த்தான். ஆவடி பட்டாலியனில் கான்ஸ்டபிள். ஆள் வாட்டசாட்டம். மூன்று பேரும் ஒரே இடத்தைப் பார்த்தார்கள். கனியின் இடது தோளை.

வேல்பாண்டி எதற்கோ சிரித்தார். காலையிலிருந்தே எல்லாவற்றுக்கும் சிரித்துக்கொண்டிருந்தார்.

*

திருச்செந்தூரில் கைடு ஏறினான். ஆல்வின் என்று பெயர். முப்பது வயசிருக்கும், வெயிலில் வெந்த முகம், கழுத்தில் ஒரு விசில்.

"பன்னெண்டு பேரு ஏறியிருக்கீக. பன்னெண்டு பேரையும் திருப்பிக் கொண்டுபோய் விடணும். எனக்கு இருக்குறது அந்த ஒரு ரூல்தான்" என்று சிரித்தான். வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தான். உடன்குடிப் பக்கத்துப் பனைகளைக் காட்டினான், தூரத்தில் சிவப்பாகத் தெரிந்த தேரி மணலைக் காட்டினான். "எங்க ஊரு இருக்கே, அது கடலுக்குள்ள மூக்க நீட்டிக்கிட்டு நிக்கும். மூக்குக்கு இந்தப் பக்கம் கடல் தூங்கும், அந்தப் பக்கம் சண்டைக்கு வரும்" என்றான்.

அது உண்மைதான். மணப்பாட்டில் இறங்கி மணல்மேட்டில் ஏறியதும் முனீஸ்வரி மூச்சு வாங்க நின்றுவிட்டாள். உச்சியில் வெள்ளையாகச் சிலுவைக் கோயில், அதற்கப்பால் கலங்கரை விளக்கம். ஒரு புறம் பச்சைக் கண்ணாடியாகத் தண்ணீர். மறுபுறம் பாறையில் மோதி நுரை பொங்கியது. கனி எல்லாருக்கும் முன்னால் ஓடிப்போய் நின்றாள். அவளுடைய துப்பட்டா கொடிபோல அடித்தது.

"அது ஆலாதான?" என்று ஒரு பறவையைக் காட்டினாள்.

ஆல்வின் திரும்பிப் பார்த்தான். "எக்கா, வாரவுக எல்லாரும் வெள்ளைக் காக்கான்னு சொல்லுவாக. நீங்கதான் பேரு சொல்லிக் கேக்குதீக."

கனி சிரித்தாள். மகள் பல் தெரியச் சிரித்து எத்தனை நாளாயிற்று என்று முனீஸ்வரி நினைத்துக்கொண்டிருந்தபோது, பாண்டிதுரை பக்கத்தில் வந்தான்.

"டூட்டியிலயும் ஃபுல் ஹேண்ட் யூனிஃபார்ம்தானா?"

"ஆமா. காட்டுக்குள்ள முள்ளு கிழிக்கும்."

"வீட்டுல?"

கனியின் சிரிப்பு அப்படியே நின்றுபோனது. கடல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

பின்னால் 'தூ' என்று சத்தம் கேட்டது. சீனிச்சாமி வெற்றிலை எச்சிலைக் கோயில் படியோரச் சுண்ணாம்புச் சுவரில் துப்பியிருந்தார். சிவப்பாக வழிந்தது. ஆல்வின் தோள்பையிலிருந்து தான் குடிக்க வைத்திருந்த பாட்டிலை எடுத்து, ஊற்றி, கையாலேயே தேய்த்துக் கழுவினான். சீனிச்சாமி அதையும் வேடிக்கை பார்த்துக்கொண்டு அடுத்த வெற்றிலையை மடித்தார்.

வேல்பாண்டி சொன்னார்: "ஏட்டையாவுக்கு வெத்தலை இல்லாட்டி மலை ஏறாது." அதற்கும் சிரித்தார்.

முனீஸ்வரிக்கு அந்தச் சிரிப்பு இப்போது வேறுமாதிரி கேட்டது. அந்த மனுஷனின் முதுகு வளைந்து போயிருந்தது. அணிவகுப்பில் நின்ற ஆள் என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

*

குளிக்கிற இடம் மேட்டுக்குக் கீழே, கடல் தூங்கும் பக்கம், கரை உள்வாங்கி வளைந்த இடத்தில் இருந்தது. "இடுப்பளவுதான். அதுக்கு மேல ஒரு அடி எடுத்து வச்சாலும் விசில் அடிப்பேன்" என்றான் ஆல்வின். துணி மாற்ற ஓலை வைத்து ஒரு தடுப்பு கட்டியிருந்தார்கள்.

செல்லத்தாய் ஒரு துணிக்கடைப் பையைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

"கனி, உனக்குன்னே எடுத்தாந்திருக்கேன். இத மாத்திக்கிட்டு இறங்கு தாயி. அந்தச் சுடிதாரோட இறங்கினா உப்புத் தண்ணியில வீணாப்போகும்."

கனி கைநீட்டுமுன் முனீஸ்வரி வாங்கினாள். வெளிர் மஞ்சளில் ஒரு நைட்டி. கையில்லாதது. கழுத்து முன்னாலும் பின்னாலும் அகலமாக வெட்டியிருந்தது. விலைச்சீட்டுகூடக் கிழிக்கவில்லை.

அவள் விரல் தன்னால் துணியை நிமிண்டிப் பார்த்தது. பத்தொன்பது வருஷப் பழக்கம். மல் துணி. இழைக்கும் இழைக்கும் இடையில் வெளிச்சம் தெரிந்தது. ஒரு சொட்டுத் தண்ணீர் பட்டால் போதும், தோலோடு தோலாக ஒட்டிக்கொள்ளும். அடியில் இருக்கிற மச்சத்தைக்கூட எண்ணிவிடலாம்.

"ரொம்ப மெல்லிசா இருக்கே மதினி."

"வெயிலுக்கு நல்லதுதான. பொம்பளைகளுக்கு இதுல என்ன?" என்று சொல்லி நைட்டியைத் திரும்ப வாங்கிக் கனியின் கையில் திணித்துவிட்டுப் போனாள் செல்லத்தாய்.

கனி அதைப் பிடித்துக்கொண்டு ஓலைத் தடுப்பைப் பார்த்தாள்.

அப்போது வெங்கடேஸ்வரி டீச்சர் முனீஸ்வரியின் கையைத் தொட்டு நாலடி தள்ளிக் கூட்டிப்போனார்.

"முனீஸ்வரி, நான் சொல்லுறதா வேண்டாமான்னு காலையில இருந்து யோசிக்கேன். நான் ஸ்ரீவில்லிபுத்தூர்ல தங்கச்சி வீட்டுல இருந்து ஏறினேன், அவங்க கூடவே. உங்க ஊர் வர்ற வரைக்கும் அந்தம்மா ஃபோன்ல பேசிக்கிட்டே வந்தா."

"என்ன பேசினாக?"

"'தண்ணியில இறங்கினா முதுகு பூரா தெரிஞ்சிரும்ல, பாத்துட்டுச் சொல்லுதேன்'னா. எம்புட்டு தூரம் இருக்கு, வயித்துப் பக்கம் இறங்கியிருக்கா, பிள்ளை பெத்தா பால் குடுக்க முடியுமா... அய்யோ ராமா, என் வாயால சொல்ல முடியல. அந்த அம்மாயிய, அந்தப் பொண்ண, என்னன்னு நெனச்சுட்டாங்க?"

முனீஸ்வரிக்குக் காது அடைத்தது. அலைச் சத்தம் எங்கோ போய்விட்டது.

"இன்னொண்ணும் சொன்னா." டீச்சர் குரலைத் தாழ்த்தினார். "'அவ அப்பாதான் இந்த யோசனையச் சொன்னாரு'ன்னா."

*

வேல்பாண்டி கரையில் ஏற்றிப் போட்டிருந்த ஒரு படகின் நிழலில் உட்கார்ந்து வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டிருந்தார். மனைவியின் முகத்தைப் பார்த்ததுமே எழுந்தார்.

"இந்த டூரு யாரு யோசனை?"

"ஏன், ஏட்டையாதான்..."

"யாரு யோசனைன்னு கேட்டேன்."

அவர் மணலைப் பார்த்தார். "அவிய பாக்கணும்னு சொன்னாக. வீட்டுல வச்சு ஒரு ரூம்புக்குள்ள கூட்டிப்போய்ப் பாக்கட்டுமான்னு அந்தம்மாவே கேட்டாக. அது நல்லாவா இருக்கும்? அதான்... குளிக்கிற இடம்னா யாருக்கும் சங்கடம் இல்லாம, இயல்பா..."

"இயல்பா."

"மறைச்சுக் கட்டிக் குடுத்து, பொறவு வந்து நின்னா என்ன செய்வ? பாத்துட்டுச் சரின்னு சொல்லட்டும். ஏழு இடம் போயிருச்சு முனீசு. இவன் போலீஸ்காரன், சொத்து இருக்கு..."

"அந்த ஏட்டும் பாப்பாரு. அந்தப் பயலும் பாப்பான். நீங்களும் இந்தப் படகு நிழல்ல உக்காந்து பாப்பீக. அப்படித்தான?"

"சத்தம் போடாத. கனிகிட்டயும் சொல்லிட்டேன். அவ சரின்னுதான் சொன்னா."

முனீஸ்வரி அவரைப் பார்த்தாள். முப்பது வருஷம் கூட வாழ்ந்த முகம். நரைமீசை நுனியில் காலையில் தின்ற வறுவலின் மசாலாத் துணுக்கு ஒன்று ஒட்டியிருந்தது. கனி பிறந்தபோது லடாக்கிலிருந்து மலையிறங்கி, மூன்று நாள் ரயிலில் வந்து, கையைக் கழுவிவிட்டு, பயந்து பயந்து பிள்ளையைத் தூக்கியவர் இவர்தான். அதே ஆள்தான்.

முனீஸ்வரி படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு குனிந்து வாந்தியெடுத்தாள். காலையில் குடித்த டீ, இட்லி எல்லாம் மணலில் விழுந்தது.

"என்னாச்சு, வேனு ஒத்துக்கலையா?" என்று வேல்பாண்டி தோளைத் தொட வந்தார்.

"தொடாதீக."

அவர் கை அந்தரத்தில் நின்றது.

*

கனி நைட்டியோடு ஓலைத் தடுப்பின் வாசல் வரைக்கும் போய்விட்டாள். முனீஸ்வரி ஓடினாள். மணலில் கால் புதைந்தது. உள்ளே போய்ப் படலை இழுத்துச் சாத்தினாள்.

"உனக்குத் தெரியுமா?"

கனி தலையாட்டினாள்.

"தெரிஞ்சுமா வந்த?"

"அப்பா முந்தாநாளே சொன்னாரும்மா."

"நீ ஏன் என்கிட்டச் சொல்லல? காட்டுக்குள்ள தனியா சுத்துறவ, மரம் வெட்ட வந்தவனை விரட்டிப் பிடிச்சவ... ஏட்டி, உனக்கு வாய் இல்லையா?"

"களைச்சுப்போச்சும்மா." கனியின் குரல் தட்டையாக இருந்தது. அழுதிருந்தால்கூட முனீஸ்வரி தாங்கியிருப்பாள். "ஒவ்வொருத்தரும் வந்து சுத்திச் சுத்திக் கேக்காக. தோள்ல மட்டுமா, கழுத்துல இருக்கான்னு. ஒரே தடவையாக் காட்டிட்டா ஓஞ்சுபோகும்னு நெனச்சேன். பாத்துட்டு வேண்டாம்னா போகட்டும். வேணும்னா இருக்கட்டும்."

"அசிங்கமா இல்லையா உனக்கு?"

"அசிங்கம்தான். ரெண்டு வருசமா அசிங்கம்தான்." கனி நிமிர்ந்து பார்த்தாள். "அய்யனார் கோவில் அருவிக்குப் போனோமே, சித்தி வீட்டுக் கூட்டத்தோட. எல்லாரும் குளிச்சீக. நீ என்ன சொன்ன? 'நீ பையப் பாத்துக்கிட்டுக் கரையில இரு'ன்னு சொன்ன. அன்னைக்கே எனக்குத் தெரிஞ்சுபோச்சு, இது வெளிய காட்டக் கூடாத ஒண்ணுன்னு."

முனீஸ்வரியின் கண் மகளுடைய சுடிதார்க் கையில் நின்றது. டெய்லரிடம் போய் மணிக்கட்டு வரைக்கும் இறக்கித் தைக்கச் சொன்னது யார்? கல்யாண வீடுகளில் 'முந்தானைய இடது பக்கம் இழுத்து விடு' என்று காதில் கிசுகிசுத்தது யார்? சீனிச்சாமியின் எச்சில், செல்லத்தாயின் துணி, வேல்பாண்டியின் சிரிப்பு என்று காலையிலிருந்து அருவருத்தவளுக்கு, இப்போது தன் நாக்கையே அறுத்துப் போட வேண்டும்போல் இருந்தது.

"அத என்கிட்டக் குடு" என்றாள்.

கனி நைட்டியைக் கொடுத்தாள்.

*

செல்லத்தாய் கடலைப் பார்க்க வாகாக விரிப்பு விரித்திருந்தாள். பக்கத்தில் சீனிச்சாமி. பாண்டிதுரை ஃபோனை நீட்டிப் பிடித்துக்கொண்டு நின்றான்.

முனீஸ்வரி நேராக வந்து நைட்டியை செல்லத்தாயின் மடியில் போட்டாள்.

"கனிக்குப் பத்தலையா மதினி?"

"இத நீங்க உடுத்திட்டு இறங்குங்க. நாங்க உக்காந்து பாக்குதோம்."

செல்லத்தாயின் முகம் வெளிறியது. "என்ன பேச்சு பேசுதீக?"

"உங்க மகனையும் சட்டையக் கழத்திட்டு இங்க வந்து நிக்கச் சொல்லுங்க. முன்னால ஒரு தரம், பின்னால ஒரு தரம். எங்க என்ன இருக்குன்னு நானும் பாக்கணும்ல? என் பிள்ளையக் கட்டப்போறவன் ஒடம்பு."

பாண்டிதுரை ஓரடி பின்னால் நகர்ந்து, தன்னையறியாமல் சட்டைப் பொத்தானைப் பிடித்துக்கொண்டான்.

"கூச்சமா இருக்கா தம்பி?" முனீஸ்வரியின் குரல் உடைந்தது. "போலீஸ்காரனுக்கே கூச்சமா இருக்குல்ல?"

"ஏம்மா!" சீனிச்சாமி எழுந்தார். "ஆம்பளைப் பிள்ளையப் பாத்து என்ன பேசுத நீ? ஏலே வேல்பாண்டி, உம் பொண்டாட்டிய அடக்கி வைக்கத் தெரியாதா உனக்கு?"

வேல்பாண்டி ஓடிவந்தார். மனைவி பக்கம் போவதா ஏட்டையா பக்கம் போவதா என்று நடுவில் நின்று திணறினார். பிறகு சீனிச்சாமி பக்கம் போனார்.

"கோவிச்சுக்காதீக ஏட்டையா. அவளுக்கு மேலுக்குச் சரியில்ல, வாந்தி எடுத்தா..."

முனீஸ்வரி அதற்குமேல் அவரைப் பார்க்கவில்லை. திரும்பி, ஓலைத் தடுப்பு வாசலில் நின்ற மகளின் கையைப் பிடித்தாள்.

"வா."

"எங்கம்மா?"

"குளிக்கத்தான வந்தோம்?"

கட்டிய சேலையோடும் சுடிதாரோடும் இரண்டு பேரும் தண்ணீருக்குள் போனார்கள். முழங்கால், தொடை, இடுப்பு. முதல் அலை வந்து முனீஸ்வரியைக் கவிழ்க்கப் பார்த்தது, கனி பிடித்துக்கொண்டாள். உப்பு வாய்க்குள் போனது. வாந்தியின் கசப்பை அது அடித்துக்கொண்டு போனது.

"முங்கு" என்றாள் முனீஸ்வரி. "நல்லா முங்கு."

கனி மூக்கைப் பிடித்துக்கொண்டு முங்கினாள். எழுந்தபோது தலைமுடி முகத்தில் அப்பியிருந்தது. மறுபடி முங்கினாள். மூன்றாவது தடவை எழுந்தபோது அழுதுகொண்டிருந்தாள். ஆல்வின் விசிலை வாயில் வைத்தபடி, கரையில் இருப்பவர்களுக்கும் அவர்களுக்கும் நடுவில் வந்து, கரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான்.

*

வேனில் திரும்ப ஏறுவதில்லை என்று முனீஸ்வரி சொன்னபோது ஆல்வின் காரணம் கேட்கவில்லை. "பன்னெண்டு பேரையும் கூட்டிட்டுப் போகணும்னு சொன்னேன். பரவால்லக்கா, எண்ணிக்கையில ரெண்டு கொறையட்டும்" என்றான். தன் அக்கா வீட்டுக்குக் கூட்டிப்போய்த் துணி மாற்றச் செய்து, சித்தப்பா மகனின் ஆட்டோவில் திருச்செந்தூருக்கு ஏற்றிவிட்டான். போகும்போது வெங்கடேஸ்வரி டீச்சர் கனியின் கன்னத்தைத் தொட்டார்.

வேல்பாண்டி வரவில்லை. "சாப்பாடு உவரியில. அவிய கோவமாப் போனா நல்லா இருக்காது. நான் பேசிச் சரி பண்ணிட்டு வாரேன்" என்று வேன் ஜன்னல் வழியாகச் சொன்னார். மஞ்சள் விரல்தடம் பதிந்த திரை அவர் முகத்துக்குப் பக்கத்தில் ஆடிக்கொண்டிருந்தது.

திருநெல்வேலியில் பஸ் மாறி இராஜபாளையம் வந்து இறங்கியபோது மணி ஐந்து. உப்புக் காய்ந்து தோல் இழுத்தது. கனி வழியெல்லாம் அம்மாவின் தோளில் சாய்ந்து தூங்கினாள்.

தெருவுக்குள் நுழைந்ததும் எதிர்வீட்டு மகாலட்சுமி வாசலுக்கே ஓடிவந்தாள்.

"ஏன் மதினி, வாயே தொறக்கல! நிச்சயமே முடிச்சுட்டு வந்துட்டீக!"

"என்னது?"

"அண்ணன் ஸ்டேட்டஸ் போட்டிருக்காகளே."

ஃபோனை நீட்டினாள். படத்தில் வேல்பாண்டியும் சீனிச்சாமியும் வெற்றிலைத் தட்டை ஆளுக்கொரு பக்கம் பிடித்திருந்தார்கள். பின்னால் செல்லத்தாய் வாயெல்லாம் பல்லாக. அவர்களுக்கும் பின்னால் நீலமாகக் கடல். அடியில் எழுத்து: 'எங்கள் மகள் மாரிக்கனி, பாண்டிதுரை சம்பந்தம் கடல் சாட்சியாக உறுதியானது. தையில் திருமணம்.' பூவும் கைகூப்பும் வரிசையாக.

முனீஸ்வரி இரண்டு தடவை படித்தாள். வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்திய பிறகுதான் பேசினாள்.

"அம்புட்டுப் பேச்சு பேசிட்டு வந்தேன். அந்த ஆளு ஏலேன்னு கத்தினான். பொறவு எப்படிச் சரின்னாக? பாக்காம ஒத்துக்கிடுற ஆளுகளா அவிய?"

சுவரில் சாய்ந்து நின்ற கனி மெல்ல அப்படியே சரிந்து தரையில் உட்கார்ந்தாள்.

"அம்மா. ஆஸ்பத்திரியில எடுத்தாகளே... நஷ்டஈட்டு ஃபைலுக்காக. கட்டுப் பிரிச்சு, முதுகு பூரா..."

"ஆமா?"

"அந்த ஃபோட்டோ எல்லாம் அப்பா ஃபோன்லதான் இருக்கு."

முனீஸ்வரி உள் அறைக்குப் போனாள். கட்டிலுக்கு அடியில் கிடந்த வேல்பாண்டியின் பச்சை டிரங்குப் பெட்டியை இழுத்தாள். கொடியில் கிடந்த அவருடைய வேட்டிகளையும் சட்டைகளையும் மடிக்காமல் உள்ளே போட்டு அமுக்கிப் பூட்டினாள். பெட்டியைத் தரையில் தேய்த்துக்கொண்டே வாசல் வரைக்கும் கொண்டுவந்தாள். வாசற்படி தாண்டவில்லை. கனி எழுந்து வந்து மறுபக்கத்துப் பிடியைப் பிடித்தாள். இரண்டு பேருமாகத் தூக்கித் தெருவில் வைத்தார்கள்.

தெருவிளக்கு எரிந்த நேரத்தில் முக்கில் வேன் ஹாரன் அடித்தது.

வேல்பாண்டி இறங்கி வந்தார். வெள்ளைச் சட்டை, தோளில் துண்டு, கையில் மிட்டாய் டப்பா. எதிர்வீட்டு வாசலைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே வந்தவர் பெட்டியைப் பார்த்ததும் நின்றார்.

"என்ன இது முனீசு? தெருவுல எல்லாரும் பாக்காக."

முனீஸ்வரி கையை நீட்டினாள்.

"ஃபோனைக் குடுங்க."

வேல்பாண்டியின் வலது கை சட்டைப் பைக்கு மேலே போய் அதைப் பொத்திக்கொண்டது.